சறுக்கு டாக்டரும் இரண்டு ஹேண்ட்பிரேக்கும்

நீலகிரி மலையில் மழைக்காலத்தில் சறுக்காத வண்டி கிடையாது. அப்படிச் சறுக்கிய வண்டி எதையும் எங்கள் சறுக்கு டாக்டர் சும்மா விட்டதும் கிடையாது. நன்றாக ஓடிக்கொண்டிருந்த வண்டிகளைக்கூட அவர் விட்டுவைக்கவில்லை என்பதுதான் கட்டபெட்டு மக்களின் வருத்தம்.

போன மாதம் பெங்களூரிலிருந்து வந்த ஒரு புதுக் கார் என் பஞ்சர் கடை முன்னால் நின்றது. ஓட்டி வந்த பையனின் முகம் வெளிறிப் போயிருந்தது. ஸ்டியரிங்குக்குப் பின்னால் மஞ்சளாக ஒரு விளக்கு எரிந்தது. சின்னதாக ஒரு கார் படம், அதற்குக் கீழே குடிகாரன் நடந்த தடம் மாதிரி இரண்டு வளைந்த கோடு. "டிராக்‌ஷன் கண்ட்ரோல் போயிடுச்சு அங்கிள்" என்றான். சக்கரம் சேற்றில் வீணாகச் சுற்றினால் காரே அதைக் கண்டுபிடித்து, அந்தச் சக்கரத்துக்கு மட்டும் பிரேக் போட்டு, பிடிப்புள்ள சக்கரத்துக்கு வேலை கொடுக்கும் ஏற்பாடு அது. சக்கரத்துக்கு உள்பக்கம் இருக்கிற சென்சாரில் சேறு அப்பிக் காய்ந்திருந்தது. துடைத்துவிட்டேன். கொஞ்ச தூரம் ஓட்டியதும் விளக்கு அணைந்துவிட்டது.

பையன் என்னை விஞ்ஞானியைப் பார்ப்பது போலப் பார்த்தான். ஐந்தாவதோடு பள்ளிக்கூடத்தை விட்டவனை யாராவது அப்படிப் பார்த்தால் எங்கே போய் நிற்பது என்று தெரியாது. "இந்த வேலையை எங்க ஊர்ல முன்னாடியே ஒருத்தர் கையால செஞ்சாருங்க" என்று சொல்ல வாயெடுத்தேன். வழக்கம்போலப் பேச்சு வரவில்லை. பேசுவதைவிட எழுதுவது எனக்குச் சுலபம். அதனால் உங்களிடம் சொல்கிறேன்.

நான் இளவட்டமாக இருந்த காலத்தில் இலங்கையின் தேயிலைத் தோட்டங்களிலிருந்து நம் ஆட்களைக் கப்பல் கப்பலாகத் திருப்பி அனுப்பிக்கொண்டிருந்தார்கள். அங்கே 'இந்தியாக்காரன்' என்று ஏற்றி அனுப்பினார்கள். இங்கே இறங்கியதும் 'சிலோன்காரன்' என்று கூப்பிட்டோம். நடுக்கடலில் இருந்த கொஞ்ச நேரம்தான் அவர்கள் எந்தப் பட்டமும் இல்லாமல் நிம்மதியாக இருந்திருப்பார்கள்.

அந்தக் கூட்டத்தில் வந்தவர்தான் டாக்டர். கூட வந்தது அவர் மனைவி லெச்சுமி அக்கா, ஒரு தகரப் பெட்டி, கம்பளியில் சுற்றிய ஒரு கார் ஜாக்கி. குழந்தையைச் சுமப்பது போல அந்த ஜாக்கியை மார்போடு அணைத்துக்கொண்டு பஸ்ஸிலிருந்து இறங்கினார்.

"மத்தவ புருசனெல்லாம் தையல் மிசினு கொண்டாந்தான், ரேடியோ பொட்டி கொண்டாந்தான். எம் புருசன் ஜாக்கி கொண்டாந்தாரு. கப்பல் சறுக்குனா தூக்கி நிறுத்தவாம்" என்று லெச்சுமி அக்கா ஊர் முழுக்கச் சொல்லுவார்.

அரசாங்கம் தேயிலைத் தோட்டத்தில் வேலையும், வரிசையாகக் கட்டிய லயத்து வீடுகளில் ஒன்றும் கொடுத்தது. டாக்டர் கையில் கவ்வாத்துக் கத்தியைக் கொடுத்துச் செடி வெட்டச் சொன்னார்கள். "கண்டியில நான் தொரையோட காருக்கு மெக்கானிக்கு. எங்கையில கத்தி குடுக்குறதா?" என்று அதைத் திருப்பிக் கொடுத்துவிட்டு வந்துவிட்டார். வேலை போனதும் வீடும் போனது. லெச்சுமி அக்கா பக்கத்து எஸ்டேட்டில் தினக்கூலிக்குக் கொழுந்து பறிக்கப் போனார். கட்டபெட்டு முக்கில் ஷெட் வைத்திருந்த காதர் பாய், பாவம் பார்த்து ஷெட்டுக்குப் பின்னால் இருந்த தகரச் சாய்ப்பில் இருவரையும் தங்கச் சொன்னார். பதிலுக்கு டாக்டர் ஷெட்டில் வேலை செய்ய வேண்டும் என்று பேச்சு. பாய் செய்த தப்பு அது ஒன்றுதான்.

கண்டியில் இவர் உண்மையிலேயே மெக்கானிக்காக இருந்தாரா என்று ஒருமுறை அக்காவிடம் பாய் விசாரித்தார். "காரு கழுவுனாரு. ஆனா நல்லாத்தான் கழுவுனாரு" என்றார் அக்கா. டாக்டர் கோபப்படவில்லை. "கழுவுறவனுக்குத்தான் பாய், வண்டியோட உள் அங்கம் தெரியும்" என்றார்.

என் பஞ்சர் கடை ஷெட்டை ஒட்டி இருந்தது. எனக்கு அப்போது மீசை முளைத்துச் சில வருஷம் ஆகியிருந்தது. பேச்சுதான் இன்னும் முளைக்கவில்லை. அதனால் டாக்டருக்கு என்னை ரொம்பப் பிடிக்கும். குறுக்கே பேசாத ஆள் அவருக்குக் கட்டபெட்டில் வேறு யாரும் கிடைக்கவில்லை.

அவருக்கு எல்லா நோயும் ஒரே நோய்தான். ஹாரன் அடிக்கவில்லை என்று வண்டி வந்தாலும், "எங்க சறுக்குச்சு?" என்றுதான் கேட்பார். சக்கரத்தை 'சில்லு' என்பார், இலங்கைப் பழக்கம். டிரைவரை இறங்கச் சொல்லுவார். இரண்டு எட்டு நடக்கச் சொல்லுவார். செருப்பைக் கழற்றி அடிப்பக்கம் தேய்ந்திருக்கிறதா என்று பார்ப்பார். கடைசியாகச் சில்லில் ஒட்டியிருக்கும் சேற்றை விரலில் எடுத்து நாக்கில் வைப்பார். கண்ணை மூடிக்கொள்வார். டீ ஃபேக்டரியில் தேயிலை ருசி பார்க்கிறவர்கள்கூட அவ்வளவு நேரம் எடுக்க மாட்டார்கள்.

எமரால்டிலிருந்து முட்டைக்கோஸ் ஏற்றி வந்த லாரி ஒன்றை அப்படித்தான் ருசி பார்த்தார்.

"இது எமரால்டு மண்ணு" என்றார் கண்ணைத் திறந்து.

"எமரால்டுல இருந்துதானுங்க வர்றேன். வந்ததுமே சொன்னேனே!" என்றான் டிரைவர்.

"நீ சொன்ன. சில்லும் சொல்லணும்ல?"

நோய் டிரைவரின் வலது காலில் இருக்கிறது என்பது அவர் முடிவு. ஆக்ஸிலேட்டரை அவன் எருமை மாதிரி மிதிக்கிறான், அதனால் சில்லு வெறி பிடித்துச் சுற்றுகிறது, பிடிப்பு விட்டுப் போகிறது. இதுவரைக்கும் சரி. இங்கேயே அவர் நிறுத்தியிருக்கலாம். ஒரு மரக்கட்டையைச் செதுக்கி ஆக்ஸிலேட்டர் மிதிக்கு அடியில் வைத்து ஆணி அடித்துவிட்டார். டிரைவர் எவ்வளவு மிதித்தாலும் கட்டையைத் தாண்டி அது இறங்காது. லாரி அதன் பிறகு சறுக்கவே இல்லை. ஓடவும் இல்லை. கோத்தகிரி வழியாக மேட்டுப்பாளையம் மண்டிக்குப் போய்ச் சேருவதற்குள் கோஸ் வாடிவிட்டது. வழியில் ஒரு சவ ஊர்வலம் லாரியை முந்திக்கொண்டு போனதாகக் கேள்வி. திரும்பி வந்த டிரைவர் கட்டையைப் பிடுங்கிக் கையில் வைத்துக்கொண்டு டாக்டரைத் தேடினான். டாக்டர் அன்றைக்கு அந்தி சாயும்வரை என் டயர் குவியலுக்குள் உட்கார்ந்திருந்தார். "வைத்தியம் பலிச்சிருச்சு தம்பி. நோயாளிக்கு நன்றி இல்ல" என்று உள்ளேயிருந்து குரல் மட்டும் வந்தது.

இதையாவது மன்னிக்கலாம். கல்யாண வேன் விஷயத்தை இன்னும் அந்த வீட்டார் மறக்கவில்லை.

சமவெளியிலிருந்து மாப்பிள்ளை வீட்டார் வேன் நிறைய வந்தார்கள். மண்டபத்துக்குப் போகும் ஏற்றத்தில் பின் சில்லு சறுக்கி வேன் நின்றுவிட்டது. யாராவது ஓடி வந்து தள்ளுவார்கள் என்று அவர்கள் எதிர்பார்த்தார்கள். ஓடி வந்தது டாக்டர். எல்லோரையும் இறக்கி ரோட்டோரம் வரிசையாக நிறுத்தினார். சந்தையில் ஆடு பார்ப்பது போல ஒவ்வொருவராக மேலிருந்து கீழ்வரை பார்த்தார்.

"எடப் பக்கச் சில்லுக்கு மேல கனம் வேணும்" என்று சொல்லிவிட்டு, மாப்பிள்ளையின் அத்தையைக் காட்டினார். "அம்மா, நீங்க வாங்க. நீங்க ஒருத்தரே போதும்."

அந்த அம்மா கழுத்து நிறைய நகையும் பட்டுச் சேலையுமாக நின்றிருந்தார். "ஏனுங்க, என்னையப் பாத்தா உங்களுக்கு மூட்டையாட்டத் தெரியுதுங்களா?" என்றார்.

"மூட்டைன்னா ஆடும்மா. நீங்க ஆட மாட்டீங்க. அதான் விசேசம்."

மாப்பிள்ளை பரிதாபமாக, "நான் எங்கீங்க உக்காரட்டும்?" என்று கேட்டார். அவர் ஒல்லியான ஆள். டாக்டர் அவரை ஒரு பார்வை பார்த்துவிட்டு, "நீங்க எங்க வேணாலும் உக்காருங்க. கணக்குல வரமாட்டீங்க" என்றார்.

அத்தையைச் சில்லுக்கு மேலே உட்கார வைத்ததும் வேன் ஏறிவிட்டது. அதுதான் எல்லாவற்றையும்விட மோசம். ஏறாமல் போயிருந்தால் அந்த அம்மா மன்னித்திருப்பார். ஏறியதனால் அவர் கனம் ஊரறிய நிரூபணமாகிவிட்டது. பந்தியில் உட்காராமல் நேரே ஷெட்டுக்கு வந்து காதர் பாயைப் பிடித்துக்கொண்டார். பாய்க்குப் பதில் பேச இடைவெளியே கிடைக்கவில்லை. அந்த அம்மா போன பிறகும் அவர் தலை தன்னால் ஆடிக்கொண்டிருந்தது.

அன்றைக்குப் பாய் ஒரே பேச்சாகச் சொல்லிவிட்டார். "யோவ் டாக்டரு, இன்னொரு தடவ இப்படி ஒரு பிராது வந்துச்சு, ஷெட்டும் கிடையாது, சாய்ப்பும் கிடையாது. பொண்டாட்டியக் கூட்டிக்கிட்டுத் தோட்டத்துக்கே போயிடு. கத்தி குடுப்பாங்க, வீடு குடுப்பாங்க. போய் வெட்டு."

டாக்டர் ஜாக்கியை எடுத்து எண்ணெய் போட்டுத் துடைக்க ஆரம்பித்தார். கத்தி என்ற பேச்சு வந்தாலே அவர் கை எதையாவது துடைக்கும்.

அந்த நிலைமையில்தான், லெச்சுமி அக்கா கொழுந்து பறிக்கப் போகிற மேல் எஸ்டேட்டின் மேனேஜர் கார் வந்தது. மேல் எஸ்டேட்டின் ஃபேக்டரிக்குப் போகிற பாதை செங்குத்தான மண் ஏற்றம். மழை பெய்தால் அது பாதை இல்லை, பாயசம். கொஞ்ச நாள் முன்னால் கம்பெனியின் டைரக்டர் வந்தபோது, கார் பாதி ஏற்றத்தில் சறுக்கி, அவரைப் பின்பக்கமாகவே கீழே கொண்டுவந்து விட்டிருக்கிறது. அவர் மறுபடியும் நாளைக்கு வருகிறார். மேனேஜர் ஊட்டி, குன்னூர் என்று போகாத பட்டறை இல்லை. டயர் மாற்றினார்கள், கிளட்ச் மாற்றினார்கள், ஸ்பிரிங் மாற்றினார்கள். கார் மாறவில்லை.

பாயும் பார்த்துவிட்டுக் கையை விரித்தார். "கார்ல ஒரு குத்தமும் இல்லீங்க சார். ரோட்டுலதான் குத்தம்."

"ரோட்டை நாளைக்குள்ள மாத்த முடியாது பாய். கார் ஏறலைன்னா எஸ்டேட் வண்டி ஒண்ணுகூட இனிமே உங்க ஷெட்டுக்கு வராது" என்றார் மேனேஜர். டைரக்டர் இவரை என்ன மிரட்டினாரோ, அதை இவர் அப்படியே பாயிடம் இறக்கி வைத்தார். பாய் தன் பங்குக்குத் திரும்பி டாக்டரைப் பார்த்தார்.

டாக்டர் ஏற்கனவே பின் சில்லிலிருந்து சேற்றை எடுத்து நாக்கில் வைத்திருந்தார்.

"தொர" என்று மேனேஜரைக் கூப்பிட்டார். "இந்தப் பின் சில்லு ரெண்டும் அண்ணன் தம்பி. எஞ்சின்தான் அப்பன். ஒருத்தன் மேட்டுல ஒழுங்கா நிக்கிறான், ஒருத்தன் சேத்துல விழுந்து ஆட்டம் போடுறான். இந்த அப்பன் என்னா செய்யிறான்? தன் பலம் பூரா ஆட்டம் போடுறவனுக்கே குடுக்குறான். ஒழுங்கா நிக்கிறவன் கைய கட்டிக்கிட்டுச் சும்மா நிக்கிறான். எல்லா வீட்டுலயும் நடக்குறதுதான்."

மேனேஜருக்குச் சொந்தமாக ஒரு தம்பி இருந்திருக்க வேண்டும். "கரெக்ட்யா!" என்றார் ஆவேசமாக. "அதுக்கு என்ன பண்ணணும்?"

"ஆட்டம் போடுறவனக் கட்டிப் போடணும். அப்ப அப்பனுக்கு வேற வழி இல்ல. நிக்கிறவன்கிட்டதான் வரணும்."

காருக்கு ஒரு ஹேண்ட்பிரேக். அதை இழுத்தால் ஒரே கம்பி இரண்டு பின் சில்லையும் சேர்த்துப் பிடிக்கும். டாக்டர் அந்த ஏற்பாட்டைப் பிரித்தார். ஷெட்டுக்குப் பின்னால் கிடந்த உடைந்த வேனிலிருந்து இன்னொரு ஹேண்ட்பிரேக்கைக் கழற்றிவந்து பக்கத்திலேயே பொருத்தினார். இடது சில்லுக்கு ஒன்று, வலது சில்லுக்கு ஒன்று. இடதுக்கு அடையாளமாகச் சிவப்புத் துணி கட்டினார். எந்தச் சில்லு வீணாகச் சுற்றுகிறதோ அதன் பிரேக்கை மட்டும் இழுத்தால் போதும். காருக்குப் பின்பக்கமாக மல்லாந்து தலையை உள்ளே விட்டு, மதியம் முழுக்க முனகிக்கொண்டே கம்பி மாட்டினார். நான் ஸ்பானர் எடுத்துக் கொடுத்தேன்.

சாயங்காலம் சோதனை நடந்தது. மழை விட்டு, ஷெட் முன்னால் ரோடு காய்ந்திருந்தது. காய்ந்த ரோட்டில் எந்தச் சில்லும் சுற்றவில்லை. டாக்டர் இரண்டையும் சேர்த்து இழுத்தார். கார் நின்றது.

"பாத்தீங்களா!" என்றார்.

"ரெண்டையும் இழுத்தா எந்தக் கார்தான்யா நிக்காது?" என்றார் பாய்.

மறுநாள் காலையில் அப்படி ஒரு மழை. ஏற்றத்தின் அடியில் டைரக்டர் காரின் பின் சீட்டில் ஏறினார். மேனேஜர் ஸ்டியரிங்கைப் பிடித்தார். ஸ்டியரிங்கையும் கியரையும் வைத்துக்கொண்டு அவரால் இரண்டு பிரேக்கையும் பார்க்க முடியாது என்பதால், முன் சீட்டில் டாக்டர். சட்டைக்கு மேல்பொத்தான் வரைக்கும் போட்டிருந்தார். கழுத்தை ஜன்னலுக்கு வெளியே நீட்டிப் பின் சில்லைப் பார்த்தபடி இருந்தார். பாயும் நானும் ஆளுக்கொரு பெரிய கல்லைத் தூக்கிக்கொண்டு காருக்குப் பின்னால் நடந்தோம். கார் பின்னால் வந்தால் சில்லுக்கு அண்டை கொடுக்க. பாய் கல்லைப் பிடித்திருந்த விதத்தைப் பார்த்தால், அது சில்லுக்கா டாக்டருக்கா என்று சந்தேகமாக இருந்தது.

ஏற்றத்துக்கு மேலே தேயிலைச் சரிவில், பிளாஸ்டிக் தாளைத் தலையில் போட்டுக்கொண்டு பெண்கள் கொழுந்து பறித்துக்கொண்டிருந்தார்கள். லெச்சுமி அக்காவும் அவர்களில் ஒருவர். அவர் புருஷன் காரின் முன் சீட்டில் உட்கார்ந்திருப்பதைப் பார்த்து எல்லோரும் கூடையோடு நின்றுவிட்டார்கள். வேலை வாங்குகிற கங்காணிகூட அதட்டவில்லை. அவரும் பார்த்துக்கொண்டிருந்தார்.

கார் பாதி ஏற்றம் நன்றாக ஏறியது. அப்புறம் இடது பின் சில்லு பள்ளத்தில் இறங்கி, சேற்றை வாரி எங்கள்மேல் இறைத்துக்கொண்டு சுற்ற ஆரம்பித்தது.

டாக்டர் சிவப்புத் துணி கட்டிய பிரேக்கை முழு பலத்தோடு இழுத்தார்.

இடது சில்லு இன்னும் வேகமாகச் சுற்றியது. ஒழுங்காக நின்ற வலது சில்லு இறுகிப் போனது. கார் ஒரு முனகல் முனகிவிட்டுப் பின்பக்கமாக நழுவத் தொடங்கியது. பாய் கல்லைப் போட்டார். கார் கல்லையும் தள்ளிக்கொண்டு வந்தது. நான் என் கல்லைப் போட்டுவிட்டுப் பள்ளத்தில் குதித்தேன். டைரக்டர் பின் சீட்டில் எழுந்து நிற்க முயற்சி செய்து கூரையில் இடித்துக்கொண்ட சத்தம் வெளியே கேட்டது. டாக்டர் சிவப்பை இன்னும் இழுத்தார்.

அப்போது மேலே சரிவிலிருந்து லெச்சுமி அக்காவின் குரல் மழையைக் கிழித்துக்கொண்டு வந்தது.

"யோவ்! மாத்தி மாட்டியிருக்கய்யா! மத்தத இழு!"

டாக்டர் ஜன்னல் வழியாகவே மேலே பார்த்துக் கத்தினார். "நீ கொழுந்தப் பறி! பிழையில்ல!"

"பிழையில்லன்னா ஏன்யா பின்னால போற? சட்டைய உள்பக்கம் வெளிய போடுற ஆளுதான நீ! மத்தத இழுய்யா, அந்த மனுசன் சாகப் போறாரு!"

கொழுந்து பறித்த பெண்கள் எல்லோரும் சேர்ந்து, "மத்தது! மத்தது!" என்று கத்தினார்கள். கங்காணியும் கத்தினார். டாக்டர் சிவப்பை விட்டார். யாரோ சொன்னதற்காக இல்லை, தனக்கே தோன்றியது போல ஒரு முகத்தோடு மற்றதை இழுத்தார்.

பள்ளத்தில் ஆட்டம் போட்ட சில்லு சட்டென்று அடங்கியது. மேட்டிலிருந்த சில்லு மண்ணைக் கவ்வியது. கார் ஒரு குலுங்கு குலுங்கி மேலே ஏற ஆரம்பித்தது. அடுத்த வளைவில் வலது சில்லு சுற்றியது. "மாத்தி, மாத்தி" என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டு சிவப்பை இழுத்தார். அதை ஏதோ மந்திரம் என்று நினைத்து டைரக்டர் பின்னால் கைகூப்பிக்கொண்டாராம். ஃபேக்டரி வாசலில் கார் நின்றபோது சரிவிலிருந்து வந்த சத்தம் தேர் நிலைக்கு வந்தது போல இருந்தது.

நடந்தது என்னவென்று ஷெட்டுக்கு வந்து பாய் காரைப் பார்த்ததும் புரிந்துவிட்டது. பின்பக்கமாக மல்லாந்து படுத்துத் தலையை உள்ளே விட்டால், ஆளின் வலது கை காரின் இடது பக்கம் வரும். தன் வலதை காரின் வலது என்று நினைத்து டாக்டர் கம்பியை மாற்றி மாட்டியிருந்தார். அவ்வளவுதான்.

"ஒரு பீடி குடிக்கிற நேரம் ஆகாதுய்யா. கம்பியக் கழட்டி மாத்திப் போட்டுடு" என்றார் பாய்.

டாக்டர் கையில் ஸ்பானர் இருந்தது. அதைத் துடைத்துக்கொண்டே இருந்தார். அப்புறம், அதுவரைக்கும் நான் கேட்டிராத ஒரு சின்னக் குரலில் சொன்னார்.

"வேணாம் பாய். ஒழுங்கா மாட்டிட்டா யார் வேணாலும் இழுத்துப்புடுவான். அப்புறம் நான் எதுக்கு?"

பாய் டாக்டரைப் பார்த்தார், என்னைப் பார்த்தார். நான் டயரைப் பார்த்தேன்.

மறுநாள் மேனேஜர் வந்து, "பாய், அந்தப் பிரேக்கை என் கிளார்க் இழுக்கக் கத்துக்க முடியுமா?" என்று கேட்டார். நேற்றுவரை டாக்டரைக் கழுத்தைப் பிடித்துத் தள்ளத் தயாராக இருந்த காதர் பாய், ஐந்து வேளை தொழுகிற மனுஷன், முகத்தில் ஒரு சலனமும் இல்லாமல் சொன்னார்: "அது கண்டி மலை டெக்னிக்குங்க சார். அங்க பொறந்த கைக்குத்தான் வரும்."

மேனேஜர் நம்பவில்லை. படித்தவர் இல்லையா? கிளார்க்கைப் பக்கத்தில் உட்கார வைத்துக்கொண்டு ஒருநாள் மழையில் ஏறிப் பார்த்தார். கிளார்க் பி.காம். இடது சில்லு சுற்றியதும் ஒழுங்காகச் சிவப்பை இழுத்தார். கார் தேயிலைச் செடிக்குள் போய் நின்றது. அதன் பிறகு மழை பிடித்தால் எஸ்டேட்டிலிருந்து ஷெட்டுக்கு ஆள் வந்துவிடும். டாக்டர் மேல்பொத்தான் வரைக்கும் சட்டையைப் பூட்டிக்கொண்டு போய் முன் சீட்டில் உட்காருவார். மழையில்லாத நாளில்கூட, வானம் மந்தாரமாக இருக்கிறது என்று அவரே நடந்து போய் எஸ்டேட் வாசலில் நிற்பதுண்டு.

திமிர் எவ்வளவு ஏறியது என்று கேட்காதீர்கள். ஷெட்டில் ஒரு போல்ட்டைக்கூடக் கழற்றாமல், "நான் ரோட்டுக்கு மட்டுந்தான் வைத்தியம். எஞ்சினெல்லாம் பாய் பாத்துப்பாரு" என்று வருகிறவர்களிடம் சொல்ல ஆரம்பித்தார். லெச்சுமி அக்காவிடம் மட்டும் அந்தப் பாச்சா பலிக்கவில்லை. "முன் சீட்டுல குந்திக்கிட்டுப் போறாரு மகராசன். கத்துறதுக்கு நான் சரிவுல நிக்கணும்" என்பார். ஆனால் மழை நாளில் தோட்டத்தின் எந்தப் பகுதியில் கொழுந்து பறித்தாலும் அந்த ஏற்றம் தெரிகிற வரிசையைத்தான் அவர் கேட்டு வாங்குவார் என்று கங்காணி சொல்லுவார். சாய்ப்பைக் காலி பண்ணு என்று பாய் அதன் பிறகு ஒருநாளும் சொல்லவில்லை. ஒழுகிய தகரத்தை மட்டும் மாற்றிப் போட்டார்.

சில வருஷம் கழித்து மேனேஜர் மாறினார். புது மேனேஜர் நான்கு சில்லும் இழுக்கும் ஜீப்பில் வந்தார். அது எந்தச் சேற்றிலும் ஏறியது, யாரையும் கேட்காமல். பழைய காரை விற்றுவிட்டார்கள். வாங்கியவர் இரண்டு பிரேக்கைப் பார்த்து என்ன நினைத்தாரோ தெரியாது. மழை வந்தது. எஸ்டேட்டிலிருந்து ஆள் வரவில்லை. டாக்டர் மேல்பொத்தானைப் பூட்டிக்கொண்டு ஷெட் வாசலிலேயே நின்றார். ரோட்டைப் பார்த்தார், வானத்தைப் பார்த்தார். உள்ளே போகவில்லை.

நான் அப்போது டயர் எடுத்துவர ஒரு பழைய வேன் வாங்கியிருந்தேன். அதைக் கிளப்பி அவர் முன்னால் நிறுத்தினேன். பேச்சு வராத வாயில் எப்படியோ வந்துவிட்டது.

"ஏனுங்க டாக்டரு, ஏத்தத்துல சறுக்குதுங்க. செத்த கூட வர்றீங்களா?"

"எந்தச் சில்லு?" என்றார். அதற்குள் ஏறி உட்கார்ந்துவிட்டார்.

சறுக்கவெல்லாம் இல்லை. அந்தப் பாதைக்கு அதற்குள் தார் போட்டிருந்தார்கள். இருந்தாலும் அந்த வருஷமும் அடுத்த வருஷமும், அவர் காலமாகும்வரைக்கும் மழை பிடித்தால் போவோம். முன் சீட்டில் கழுத்தை ஜன்னலுக்கு வெளியே நீட்டிக்கொண்டு வருவார். என் வேனில் இழுப்பதற்கு ஒன்றும் கிடையாது. வளைவு வந்தால் கை மட்டும் தொடைக்குப் பக்கத்தில் காற்றைப் பிடித்து இழுக்கும். அதையும் மாற்றித்தான் இழுப்பார்.

இப்போதும் மழை நாளில் அந்த ஏற்றத்தில் வேனை எடுத்துக்கொண்டு போகிறேன். வழியில் யாராவது கைகாட்டினால் ஏற்றிக்கொள்வேன். பின்னால் உட்காரச் சொல்லிவிடுவேன்.